வரவிசையும் அச்ச மெய்ப்பாடும்

தொல்காப்பிய மெய்ப்பாட்டியலின் முதற்சொல் 'பண்ணை' என்பது. அச்சொல் விளையாட்டு என்னும் பொருளது என உரியியலுள் ஆசிரியரே கூறிவைத்தார். பேராசிரியர் அதனை விரித்து, வேந்தரும் குறுநில மன்னரும் நாடக மகளிரின் ஆடல் கண்டும் பாடல் கேட்டும் நுகரும் விளையாட்டு எனப் பொருளுரைப்பர். அவ்விளையாட்டினுள் தோன்றும் பொருள் 32 என்றும், அவை சுருங்கி 16 ஆகி, மேலும் சுருங்கி 8 மெய்ப்பாடாக நிற்கும் என்றும் இயல் செல்கின்றது. மெய்ப்பாட்டைச் செய்யுளுறுப்பாக மட்டும் கொண்டு நாம் பயின்று வருகின்றோம். ஆதலின் அக்கொள்கையின் பிறப்பிடம் விளையாட்டு என்பது நம் நினைவில் நிற்பதில்லை.

இந்நாளில் விளையாட்டு என்றவுடன் இளைஞர் எண்ணுவது கணினியிலும் கைபேசியிலும் ஆடும் வீடியோ விளையாட்டையே. திருப்பூர், பல்லடம், அவிநாசிப் பகுதிகளில் பின்னலாடைத் தொழிலகத்தின் இரவு முறை முடித்து அறைக்குத் திரும்பும் இளைஞரும், அவர்தம் வயதொத்த கல்லூரி மாணவரும் காதில் ஒலிக்கருவி பொருத்திக்கொண்டு இவற்றை ஆடுவர். அவற்றுள் அச்சுறுத்தலையே நோக்கமாக உடைய ஒரு வகை உண்டு. அவ்வகையில் கொடிய உரு ஒன்று நெருங்கும்போது அதற்கே உரிய இசை எழும். உரு கண்ணுக்குப் புலப்படுமுன் இசை செவிக்குப் புலப்படும். இதனை ஈண்டு 'வரவிசை' எனக் குறிப்போம். கூத்தில் பாத்திரம் அரங்கேறுவதை 'வரவு' என வழங்கும் மரபு பற்றி இப்பெயர் இடப்பட்டது. வரவிசை கேட்டு ஆடுவோன் கொள்ளும் அச்சம் நம் இலக்கணம் கூறும் அச்ச மெய்ப்பாடு ஆகுமா, ஆயின் அஃது யாருடைய அச்சம் என்பதே இங்கு ஆராயப்படும் பொருள்.

எடுத்துக்காட்டு ஒன்று வேண்டும். ஜப்பானிய நிறுவனமாகிய காப்காம் 2019-இல் வெளியிட்ட 'ரெசிடென்ட் ஈவில் 2' என்னும் விளையாட்டு 1998-இல் வந்த அதே பெயருடைய விளையாட்டின் மறு ஆக்கம். ஆடுவோன் லியான் அல்லது கிளேர் என்னும் பாத்திரத்தை இயக்கிக்கொண்டு, பாழ்பட்ட காவல் நிலையம் ஒன்றினுள் வழி தேட வேண்டும். ஒரு கட்டத்திற்குப்பின் தொப்பியும் நெடிய மேலாடையும் அணிந்த பேருருவன் ஒருவன் அவனைத் தேடி அந்நிலையம் முழுதும் நடக்கத் தொடங்குவான். ஆடுவோர் அவனை 'மிஸ்டர் எக்ஸ்' என்பர். சுட்டால் சிறிது நேரம் முழந்தாளிடுவானேயன்றி அங்கு அவன் சாவதில்லை. சுவருக்கு அப்பாலும் மேல் தளத்திலும் அவன் காலடியோசை கேட்கும். அணுகினால் இசை தொடங்கும். கண்டுவிட்டால் அது பொங்கி எழும். ஆடுவோன் தப்பி ஓடி மறைந்தபின் மெல்ல அடங்கும். இசையைப் பல அடுக்குகளாகப் பதிந்துவைத்து, இரண்டு உருவங்களுக்கும் இடையேயுள்ள தொலைவை நொடிதோறும் கணக்கிட்டு, அதற்கேற்ப அடுக்குகளைக் கூட்டியும் குறைத்தும் ஒலிக்கச் செய்வது இவ்வகை விளையாட்டுகளின் பொதுவான நெறி. இங்கு இசை தொலைவின் அளவுகோலாகப் பயன்படுகின்றது.

இது திடீரெனத் தோன்றிய புதுமை அன்று. 1931-இல் ஜெர்மானிய இயக்குநர் ஃபிரிட்ஸ் லாங் எடுத்த 'எம்' என்னும் படத்தில், சிறுவரைக் கொல்பவன் கிரீக் என்பாரின் இசைப்பகுதி ஒன்றைச் சீழ்க்கையடித்துக்கொண்டு வருவான். அவனை இன்னான் என அறிவது பலூன் விற்கும் கண்ணற்றவன் ஒருவனே, செவியால் அறிகின்றான். 1975-இல் வந்த 'ஜாஸ்' படத்தில் ஜான் வில்லியம்ஸ் இரண்டே சுரங்களை மாற்றி மாற்றி ஒலிக்கச் செய்து சுறாவின் வரவை உணர்த்தினார். அதே படத்தில் இரு சிறுவர் அட்டையால் செய்த பொய்த் துடுப்பை நீரில் மிதக்கவிட்டு ஊரை ஏய்க்கும் இடத்தில் அவ்விசை எழுவதில்லை. இக்குறிப்பை உற்றறிந்தவர் படத்தில் வருவோர் அறியாத உண்மையை முன்னரே அறிந்துவிடுகின்றனர். விளையாட்டுத் துறையில் 1978-இன் 'ஸ்பேஸ் இன்வேடர்ஸ்' நான்கு சுரம் கொண்ட இறங்குவரிசையை மீள மீள ஒலித்து, பகைக் கூட்டம் குறையக் குறைய அதன் நடையை விரைவாக்கியது. 1995-இன் 'கிளாக் டவர்' விளையாட்டில் பெரிய கத்தரிக்கோல் ஏந்திய உரு துரத்தும்போதெல்லாம் அதற்கென அமைந்த இசை எழும். 1999-இன் 'சைலன்ட் ஹில்' வேறொரு வழியை மேற்கொண்டது. அதில் பாத்திரத்தின் கையிலுள்ள சிறு வானொலி, கொடிய உரு அணுகும்போது இரைச்சலிடும்.

கடைசியாகக் கூறிய வேறுபாடு கருதத்தக்கது. வானொலியின் இரைச்சல் கதைக்குள் எழுவது. பாத்திரமும் அதனைக் கேட்கும். மிஸ்டர் எக்ஸின் இசையைப் பாத்திரம் கேட்பதில்லை. ஆடுவோன் மட்டுமே கேட்கின்றான். கேளாத பாத்திரமோ, கேட்கின்ற ஆடுவோனால் இயக்கப்பட்டு, தான் அறியாத எச்சரிக்கைக்குச் செவிசாய்த்ததுபோல் ஓடி ஒளிகின்றது. உடல் ஒன்றாகவும் செவி மற்றொன்றாகவும் இவ்வாறு பிரிந்து நிற்கும் நிலை பழைய நாடக இலக்கணத்துள் இல்லை.

நம் தெருக்கூத்தை ஒப்பிட்டுக் காண்க. இருவர் பிடித்த திரைக்குப் பின்னின்று பாத்திரம் பாடத் தொடங்கும். மத்தளமும் முகவீணையும் முழங்கும். பின்னரே திரை விலகும். துச்சாதனன் வரவாயினும் இரணியன் வரவாயினும் முறை இதுவே. பாலக்காட்டுக் கணவாய்க்கு அப்பால், கதகளியில் கத்தி வேடத்தாரும் தாடி வேடத்தாரும் திரைக்குப் பின்னின்று அலறுவர். பச்சை வேடத்தார்க்கு அவ்வலறல் இல்லை. ஆகவே அலறலே பாத்திரத்தின் இயல்பை முன்னறிவித்துவிடுகின்றது. எனினும் இவையெல்லாம் அவையோரை நோக்கி எழுந்த ஒலிகள். துச்சாதனனின் வரவுப் பாட்டைத் திரௌபதி எச்சரிக்கையாகக் கேட்டு ஓடுவதில்லை. கேட்கும் நாமும் ஓட வேண்டியதில்லை. கூத்தின் வரவுக்கும் விளையாட்டின் வரவிசைக்கும் வடிவ ஒற்றுமை மிகுதி, பயன் வேறு.

இவ்வேற்றுமையை அளந்தறியப் பேராசிரியரின் நுட்பமான பகுதி ஒன்று துணை செய்கின்றது. இளம்பூரணர் எடுத்துக்காட்டும் செயிற்றியனார், நிகழ்த்துவோன் செய்தது காண்போரைச் சென்றடைதலே மெய்ப்பாடு என்னும் கருத்தினர். பேராசிரியர் இதில் ஓர் இடரைக் காண்கின்றார். அரிமாவைக் கண்டு அஞ்சி ஓடிவரும் ஒருவனை மற்றொருவன் காண்கின்றான். இவன் அரிமா கண்டு அஞ்சினான் என அறிவானேயன்றி, அரிமாவைத் தானே காணாமையின் அவனுக்கு அச்சம் பிறவாது. நகையோ இரக்கமோதான் பிறக்கும். தானும் அரிமாவைக் கண்டானாயின் அது வேறு. அப்பொழுது அவனும் அஞ்சினவனே ஆவான். உற்றோன் வேறு, காண்போன் வேறு. அச்சம் ஒருவரிடமிருந்து மற்றவரிடம் கைமாறுவதன்று என்பது இதன் கருத்து.

வீடியோ விளையாட்டு ஆடும் அறைக்குள் சென்று காண்பவர் இவ்வுரைக்குக் கண்கூடான சான்று பெறுவர். ஒருவன் ஆடுகின்றான்; இருவர் மூவர் அருகிருந்து காண்கின்றனர். திரையும் ஒன்று, இசையும் ஒன்று. வரவிசை எழுந்தவுடன் ஆடுவோன் கை நடுங்குகின்றது; நெற்றி வியர்க்கின்றது; குரல் சிதைகின்றது. அருகிருப்போர் நகைக்கின்றனர். பேராசிரியர் சொன்ன அதே நகை! இரு திறத்தாரும் ஒரே ஒலியைக் கேட்டிருக்க, ஒருவனுக்கு மட்டும் அச்சம் பிறக்கக் காரணம் யாது? தேடப்படுபவன் அவன் ஒருவனே என்பதுதான். இசையின் ஏற்ற இறக்கம் அவன் நிற்கும் இடத்தை அடியாகக் கொண்டு அளக்கப்படுகின்றது. அவன் அடுத்து எடுத்துவைக்கும் அடியால் அது கூடும் அல்லது குறையும். காண்போனாக அமர்ந்திருந்தவனை உற்றோனாக மாற்றுவது வரவிசை. உருவின் கொடுமை அதற்கு அடுத்த நிலையிலேயே நிற்கும்.

இதனை வலியுறுத்தும் வேடிக்கை ஒன்றும் நிகழ்ந்தது. அவ்விளையாட்டு வெளிவந்த 2019-இலேயே, ஆடுவோர் சிலர் அதன் நிரலில் கைவைத்து, மிஸ்டர் எக்ஸின் இசையை நீக்கிவிட்டு, டி.எம்.எக்ஸ். என்னும் அமெரிக்க ராப் பாடகரின் 'எக்ஸ் கான் கிவ் இட் டு யா' என்னும் பாட்டை அவ்விடத்தில் அமைத்தனர். உருவும் நடையும் சினமும் முன்போலவே இருந்தன. அது துரத்தி வந்த காட்சியோ உலகெங்கும் நகைப்பை விளைத்தது. அச்சம் உருவின்கண் மட்டுமே இருந்ததாயின் இங்ஙனம் ஆகியிராது.

உற்றோனுக்கும் காண்போனுக்கும் இடையே உள்ள வரம்பை ஒலி அழித்துவிடுதல் கொங்கு நாட்டார்க்குப் புதிதன்று. கூத்தினும் அணுக்கமான ஒப்புமைகள் அந்நாட்டில் இரண்டு உள. ஒன்று சாமக்கோடங்கி. வைகறைக்கு முன்னைய இருளில் குடுகுடுப்பையை ஒலித்துக்கொண்டு தெருவில் வருபவர் அவர். சுடுகாட்டில் இருந்து வருகின்றார் என்பது ஊரார் நம்பிக்கை. முதலில் தெருக்கோடியில் நாய்கள் குரைக்கும். பின்னர்க் குடுகுடுப்பை கேட்கும். வீட்டினுள் படுத்திருப்போர் எழுவதில்லை, விளக்கேற்றுவதில்லை, கதவு திறந்து நோக்குவதில்லை. ஒலி எந்த வீட்டு வாயிலில் நிற்கின்றது, எப்பொழுது நம் வாயிலுக்கு வரும் எனச் செவியால் அளந்துகொண்டு கிடப்பர். குழந்தைகள் தாயை அணைத்துக்கொள்ளும். வாயிலில் நின்று அவர் சொல்லும் நற்சொல்லோ தீச்சொல்லோ அவ்வீட்டார்க்கே உரியது. அடுத்த வீட்டார்க்கு அது கேட்கும், ஆயினும் தைக்காது. உருவைக் காணாமலே ஒலியின் தொலைவைக் கொண்டு அஞ்சுதல், அவ்வொலி தன்னை நோக்கி வருகின்றது என்னும் உணர்வு ஆகிய இரண்டும் ஈண்டு உள்ளன. வரவிசையின் இலக்கணமும் இவ்விரண்டே.

மற்றொன்று உடுக்கைப்பாட்டு. பொன்னர், சங்கர் என்னும் உடன்பிறந்தார் வரலாறாகிய அண்ணன்மார் கதை, கொங்கு நாட்டில் பல இரவுகள் தொடர்ந்து உடுக்கையடித்துப் பாடப்படுவது. பிரெண்டா பெக் என்னும் மானிடவியல் அறிஞர், காங்கேயத்தை அடுத்த ஓலப்பாளையத்தில் தங்கி, 1965-இல் இதனை ஒலிநாடாவில் பதிவு செய்தார். 1982-இல் இக்கதை பற்றிய அவர்தம் ஆய்வு நூலும், 1992-இல் கதையின் பாடமும் வெளிவந்தன. காங்கேயம் 2009-இல் அமைந்த திருப்பூர் மாவட்டத்தைச் சேர்ந்தது. இக்கதையிலும் ஒரு கொடிய உரு உண்டு. கொம்பன் என்னும் காட்டுப்பன்றி அது. வேட்டுவர் பக்கத்தது, வயலையும் நீர்நிலையையும் பாழாக்குவது, பொன்னாச்சி என்னும் சிறு பெண்நாயால் நலிவுற்றுச் சங்கரின் வேலால் வீழ்வது. அச்சத்திற்கு அணங்கு, விலங்கு, கள்வர், இறை என நான்கு நிலைக்களம் கூறிய தொல்காப்பியர் வழியில் கொம்பன் விலங்கின்பாற்படும்.

ஆயினும் இங்கு நாம் கருத வேண்டுவது கொம்பனை அன்று. கதை முடிவில் வரும் படுகளத்தை. உடன்பிறந்தார் வீழும் இடத்தைப் பாடும்போது உடுக்கை முறுகி ஒலிக்கும். கேட்டுக்கொண்டிருந்த அவையோருள் சிலர்க்கு அருள் வரும்; வீரர் வீழ்ந்தாற்போல் அவர்களும் நிலத்தில் வீழ்வர். தங்கை தங்காள் அண்ணன்மாரை எழுப்பிய முறைப்படி பின்னர் அவர்கள் எழுப்பப்படுவர். கதை கேட்க வந்தவர் கதைக்குள் கிடக்கின்றனர். பேராசிரியர் வகுத்த வரம்பு இவ்விடத்தில் நிற்கவில்லை என்பது வெளிப்படை. அங்கு மெய்ப்படுவது அச்சம் அன்று. பெருமிதமும் அழுகையும் கலந்த ஒன்று. எனினும் காண்போனை உற்றோனாக்கும் கருவி ஒலிதான் என்பது ஒக்கும். பெக் அம்மையாரின் முயற்சியால் இதே கதை பிற்காலத்தில் 26 பகுதி கொண்ட இயங்குபடமாகவும் வந்தது. அதனைக் காண்போர் காண்போராகவே இருப்பர்.

உடுக்கை, குடுகுடுப்பை, பழந்தமிழர் துடி ஆகிய மூன்றும் இடைசுருங்கு பறைகளே என்பதையும் இங்கு நோக்குதல் தகும். உடுக்கையின் இடையில் உள்ள வார்களை அழுத்தியும் தளர்த்தியும் ஒலியை உயர்த்தலாம், தாழ்த்தலாம். அதனால் அது விம்முவதுபோலவும் முறுகுவதுபோலவும் கேட்கும். வெட்சித் திணையில் துடிநிலை என ஒரு துறையே உண்டு. பாலையின் கருப்பொருளாகிய பறையைச் சூறைகோட்பறை என உரையாசிரியர் குறிப்பர். பாலைவழிச் செல்வோர்க்கு அப்பறை கள்வரின் வரவை அறிவிக்கும் ஒலியாக இருந்திருத்தல் வேண்டும். நான்கு நிலைக்களத்துள் கள்வர் ஒன்றாதலும் காண்க. இதற்கு மறுதலையும் நம் இலக்கியத்தில் உண்டு. பாலைப் பண்ணைக் கேட்டால் ஆறலை கள்வரும் படைக்கலத்தைக் கைவிடுவர் என்பது பொருநராற்றுப்படை தரும் செய்தி. கொடியோனை அறிவிக்கும் இசையும் கொடியோனை மாற்றும் இசையும் ஒரே நிலத்திற்கு உரியனவாகக் கூறப்பட்டன. வீடியோ விளையாட்டுகள் முன்னதை நன்கு பயின்றுள்ளன. பின்னதை அரிதாகவே தொடுகின்றன.

இனி ஓர் ஐயம். வரவிசை எப்பொழுதும் மெய்யே உரைக்குமாயின், அது நாளடைவில் அச்சத்தைக் குறைக்காதோ எனின், குறைக்கும். பலமுறை ஆடியவன் இசையின் அளவைக் கொண்டே உருவின் இடத்தைக் கணித்து, அஞ்சாமல் வேறு வாயிலால் செல்கின்றான். அச்சத்தின் அறிகுறி அவனுக்கு அறிவின் கருவியாகிவிடுகின்றது. விசைத்தறி ஓட்டுவோர் இதனை எளிதில் உணர்வர். தறிப்பட்டறையின் பேரிரைச்சலுக்கு இடையே, தன் தறியின் ஓசை சற்று மாறியதைக் கொண்டே குறை நேர்ந்தது என அறிந்து திரும்பும் செவி அவர்க்கு உண்டு. புதிதாக வந்தவர்க்கு அஃது இரைச்சல் மட்டுமே. பல்லடம், மங்கலம் பகுதிச் சிற்றூர்களில் தறி ஓசையினூடே இரவு முழுதும் உறங்குவோர், மின்சாரம் நின்று ஓசை அடங்கியவுடன் விழித்துக்கொள்வர். பழகிய செவிக்கு ஒலியினும் ஒலியின்மையே உறுத்தும்.

விளையாட்டு அமைப்போரும் இதனை அறிவர். 2016-இல் வந்த 'டெட் பை டேலைட்' என்னும் விளையாட்டில் கொலையாளி நெருங்க நெருங்க இதயத் துடிப்பின் ஒலி வலுக்கும். துடிப்பு இல்லையேல் அருகில் அவன் இல்லை என ஆடுவோர் தேறியிருப்பர். ஆனால் கொலையாளிகளுள் சிலர் அத்துடிப்பை எழுப்பாமலே அணுகவல்லவராகப் படைக்கப்பட்டுள்ளனர். அவர்கள் களத்தில் இருக்கலாம் என்னும் எண்ணமே அமைதியை அச்சமாக்கப் போதும். தமிழ்த் திரைப்படம் இதன் மறுபுறத்தை முன்னரே காட்டியது. 1966-இன் 'யார் நீ' படத்தில் ஒரே பாட்டு இரவுதோறும் மீள மீள எழுந்து கதைத்தலைவனை வாட்டும். அது பேயின் பாட்டன்று, சூழ்ச்சியாளர் செய்த ஏற்பாடு என்பது பின்னரே விளங்கும். முன்னதில் உரு உண்டு, இசை இல்லை. பின்னதில் இசை உண்டு, பேய் இல்லை. 2017-இல் வந்து கைபேசி ஆடுவோரிடையே மிகப் பரவிய 'கிரானி' என்னும் விளையாட்டு மூன்றாவது வகை. அதில் செவி கூர்ந்திருப்பவள் கிழவி. ஆடுவோன் ஒரு பொருளைக் கீழே தவறவிட்டால் அவ்வோசை கேட்டு அவள் வருவாள். ஆடுவோன் தன் வரவைத் தானே அறிவித்துவிடாமல் காக்க வேண்டும் என்றதனால், வரவிசையின் திசையே மாறிவிட்டது.

தானே விரும்பி மேற்கொண்ட அச்சம், வேண்டும்பொழுது அணைத்துவிடக் கூடிய அச்சம், மெய்யான அச்சம் ஆகுமா என்பர் சிலர். மெய்ப்பாடு என்னும் சொல்லின் பொருளே இதற்கு விடை. மெய்யில் படுவது மெய்ப்பாடு. மெய்ம்மயிர் சிலிர்த்தலும் நடுங்கலும் வியர்த்தலும் குரற்சிதைவும் விறல் என எண்ணப்பட்டவை. இவை ஆடுவோன் உடலில் நிகழ்வது கண்கூடு. அரிமா திரையில் உள்ளது. நடுக்கம் கையில் உள்ளது.

எஞ்சி நிற்பது ஒன்று. சுவைப்பொருள், சுவையுணர்வு, குறிப்பு, விறல் என எட்டினையும் நந்நான்காக்கி 32 என எண்ணினர் உரையாசிரியர். வரவிசையை அந்நான்கனுள் எதில் அடக்குவது? உணர்வும் குறிப்பும் விறலும் ஆடுவோனிடத்தன. அவற்றுள் அஃது அடங்காது. சுவைப்பொருள் எனின், அரிமாவைப் போன்ற சுவைப்பொருள் உருவே அன்றோ, இசை அதன் அறிவிப்பு மட்டும்தானே எனத் தடை எழும். தொடக்கத்தில் அங்ஙனமே. ஆனால் பலநாள் ஆடியவன், விளையாட்டு இல்லாத இடத்தில், எவரோ ஒருவரின் கைபேசியிலிருந்து அவ்விசை எழக் கேட்டாலும் ஒரு கணம் திடுக்கிடுகின்றான். உரு அங்கு இல்லை. அறிவிக்கப்படுவதும் யாதும் இல்லை. அந்நிலையில் இசையே சுவைப்பொருளாகிவிட்டது எனக் கொள்வதே பொருந்தும். சாமக்கோடங்கி விடிந்தபின் நெல்லும் பழந்துணியும் பெற அதே தெருவுக்கு மீண்டும் வருவார். அப்பொழுதும் அதே குடுகுடுப்பையைத்தான் ஒலிப்பார். பெரியவர்கள் கதவைத் திறந்து முறத்துடன் வெளியே வருவர். இரவில் விழித்துக் கிடந்த குழந்தைகள் மட்டும் இன்னும் கதவுக்குப் பின்னேயே நிற்கும்.